தொண்ணூறாம் நாள் மழை

வக்கீலம்மாவின் அலுவலக வராந்தாவில் மூன்று பேர் உட்காரக்கூடிய பெஞ்சு ஒன்று கிடந்தது. ஒன்பது வருஷமாக அதன் இடது ஓரம் மழையக்காவுடையது, வலது ஓரம் தோட்டக்காரருடையது. நடுவிடம் வாட்ச்மேனுக்கு. மூன்று வருஷத்துக்கு முன்னால் அவர் நெஞ்சுவலியில் போய்ச் சேர்ந்த பிறகு அங்கே அவர் சம்சாரம் உட்காருகிறாள். பெஞ்சின் ஒரு கால் குட்டை. அதன் அடியில் மடித்து வைத்திருக்கும் அட்டைகூட இவர்கள் கொண்டுவந்து வைத்ததுதான்.

"அட்டை நைஞ்சு போச்சு. கேஸ் முடியறதுக்குள்ள இன்னொண்ணு வைக்கணும்போல" என்றார் தோட்டக்காரர்.

"நீங்க பைப்பைப் பிடிச்சு அதுலயும் தண்ணி அடிச்சிருப்பீங்க, அதான் நைஞ்சிருக்கும்" என்றாள் மழையக்கா.

"பாருங்க அண்ணி, பாருங்க. வந்து உக்காந்து அஞ்சு நிமிஷம் ஆகல."

வாட்ச்மேன் சம்சாரம் இரண்டு பக்கமும் முழங்கையால் இடித்தாள். நடுவில் ஒருவர் உட்காருவது இந்த வேலைக்காகத்தான்.

மழையக்கா, தோட்டக்காரர், வாட்ச்மேன் மூன்று பேரும் ஒரே கல்லூரியில் வேலைக்குச் சேர்ந்தவர்கள், ஒரே மாதத்தில். மழையக்கா புவியியல் துறையில் உதவியாளர். வரைபடத்தைச் சுருட்டி வைப்பது, உலக உருண்டையைத் துடைப்பது எல்லாம் அவள் வேலைதான். ஆனால் அந்தப் பெயர் வந்தது வேறொரு வேலையால். மைதானத்தின் மூலையில் கம்பிவேலி போட்ட சின்னச் சதுரம் ஒன்று உண்டு. அதற்குள் மழைமானியும், வெப்பமானிகள் வைத்த வெள்ளை மரப்பெட்டியும் இருக்கும். தினமும் காலை எட்டரை மணிக்கு அவள் புனலைத் தூக்கி, உள்ளே சேர்ந்த தண்ணீரைக் கண்ணாடிக் குவளையில் ஊற்றி, கண்ணுக்கு நேராகப் பிடித்து எத்தனை மில்லிமீட்டர் என்று பார்த்து நோட்டில் எழுதுவாள். பக்கத்திலேயே தோட்டக்காரரின் பூச்செடிப் பாத்தி. வானத்தில் ஒரு பொட்டு மேகம் இல்லாத நாளிலும் மானிக்குள் தண்ணீர் இருந்தால் அது யார் புண்ணியம் என்று அவளுக்குத் தெரியும். தோட்டக்காரரோ தன் பைப் அவ்வளவு தூரம் எட்டவே எட்டாது என்று இருபத்தொரு வருஷமாகச் சத்தியம் செய்துகொண்டிருந்தார்.

கல்லூரி இவர்களை வேலைக்கு வைத்த விதம் ஒரு கூத்து. எண்பத்தொன்பது நாளுக்கு ஒரு வேலை உத்தரவு. தொண்ணூறாம் நாள் வேலை கிடையாது. தொண்ணூற்றொன்றாம் நாள், புது ஆளைச் சேர்ப்பதுபோல இன்னொரு உத்தரவு. தொடர்ந்து வேலை பார்த்தோம், எங்களை நிரந்தரமாக்கு என்று நாளைக்கு யாரும் கேட்டுவிடக்கூடாதே, அதற்காகத்தான் நடுவில் அந்த ஒரு நாள் ஓட்டை. ஆனால் அன்றைக்கும் இவர்கள் வரத்தான் வேண்டும். தண்ணீர் ஊற்றாவிட்டால் செடி வாடும். கேட்டைத் திறக்காவிட்டால் பிரின்சிபால் காருக்கே வழியில்லை. வரலாம், வேலை பார்க்கலாம். வருகைப் பதிவேட்டில் கையெழுத்து மட்டும் கூடாது, கூலியும் கூடாது. பன்னிரண்டு வருஷம் இப்படி ஓடிய பிறகுதான் மூன்று பேரும் துணிந்து வழக்குப் போட்டார்கள். நீதிமன்றம் தடை கொடுத்ததால் அந்த ஓட்டை அன்றோடு அடைபட்டது. பழைய ஓட்டைகள் அப்படியே இருந்தன.

வக்கீலம்மா உள்ளே கூப்பிட்டாள். மேஜைமேல் கட்டுக்கட்டாகக் காகிதம். கண்ணாடியை நெற்றியில் ஏற்றிக்கொண்டு சொன்னாள்:

"பத்து நாள்ல கடைசி விசாரணை. காலேஜ்காரங்க புதுசா ஒரு பதில் மனு போட்டிருக்காங்க. தொண்ணூறாம் நாள் நீங்க யாரும் வளாகத்துக்குள்ளயே வரலயாம். வந்திருந்தா கையெழுத்து எங்கன்னு கேக்கறாங்க."

"கையெழுத்துப் போடாதேன்னு சொன்னதே அவங்கதானேம்மா!" என்றார் தோட்டக்காரர். "முழுப் பூசணிக்காய சோத்துல மறைக்கப் பாக்கறாங்களே. நான் ஊத்தின தண்ணிய எந்தச் செடி வந்து சாட்சி சொல்லும்?"

"அதைத்தான் நானும் கேக்கறேன். ஒரு சீட்டு, ஒரு ரசீது, எதுலயாவது உங்கள்ல ஒருத்தர் அந்த நாள் வந்ததுக்கு அடையாளம் இருக்கா? அப்படித் தொண்ணூறாம் நாள் மொத்தம் நாற்பத்தெட்டு இருக்கு. ஒரு அஞ்சு நாளுக்குக் கிடைச்சாக்கூடப் போதும். இல்லன்னா கஷ்டம்தான்."

தோட்டக்காரர் உதட்டைப் பிதுக்கினார். வாட்ச்மேன் சம்சாரம் மேலே சுற்றுகிற மின்விசிறியைப் பார்த்தாள். மழையக்கா வாயே திறக்கவில்லை. அவள் வாய் மூடியிருப்பதே ஒரு அதிசயம். அதை யாரும் கவனிக்கவில்லை.

வீட்டில் கவனித்தார்கள். அவள் புருஷன் தையல்காரர். முன்னறையில் ஜன்னலை ஒட்டித் தையல் மிஷின். இரண்டு வருஷமாக அவருக்கு ஊசிக்கண் தெரிவதில்லை. தினமும் காலையில் வேலைக்குக் கிளம்புமுன் மழையக்கா பத்து ஊசியில் நூல் கோத்து ஒரு துணித்துண்டில் வரிசையாகக் குத்தி வைத்துவிட்டுப் போவாள். மிஷின் ஊசியில் நூல் அறுந்தால் அடுத்த வீட்டுப் பெண்ணைக் கூப்பிட வேண்டும். இன்னும் ஐந்து வருஷத்தில் மழையக்காவுக்கு அறுபது. நிரந்தரம் என்று தீர்ப்பு வந்தால் பழைய சம்பள பாக்கி வரும், பின்னால் பென்ஷன் வரும். வராவிட்டால் அறுபதாவது வயதில் கையை வீசிக்கொண்டு வீட்டுக்கு வர வேண்டியதுதான். அப்போது ஊசி கோத்தே இரண்டு பேரும் பிழைக்க முடியாது.

அன்று மாலை அவள் குட்டி போட்ட பூனைபோல முன்னறைக்கும் அடுப்படிக்கும் நடந்தாள்.

"என்னடி, வக்கீலம்மா திட்டிட்டாங்களா?"

"இல்ல."

"தோட்டக்காரரோட சண்டையா?"

"இல்ல."

தையல்காரர் மிஷினை நிறுத்தினார். "அப்ப ஏதோ பெருசா நடந்திருக்கு. சொல்லு."

மழையக்கா கட்டிலுக்கு அடியிலிருந்து தகரப்பெட்டியை இழுத்தாள். மேலே வெட்டுத்துணி. அதைத் தூக்கினால் நீள நோட்டுகள், பன்னிரண்டு. ஓரம் மங்கிப்போன அட்டைகளில் வருஷம் மட்டும் எழுதியிருந்தது.

"நான் திருடிட்டேங்க" என்று சொல்லிவிட்டு அவள் தரையில் உட்கார்ந்து அழ ஆரம்பித்தாள்.

நடந்தது இதுதான். தொண்ணூறாம் நாளுக்காக மழை காத்திருக்காது. ஒரு நாள் அளக்காமல் விட்டால் இரண்டு நாள் மழை ஒன்றாகச் சேர்ந்துபோகும், கணக்குக் கெடும். "பதிவேட்டுல கையெழுத்துப் போடாதம்மா, ஆனா மழை நோட்டுல போட்டே ஆகணும், கையெழுத்தில்லாத அளவு செல்லாது" என்று அப்போதைய பேராசிரியர் சொல்லியிருந்தார். அவளும் போட்டாள். ஒரு நாள் பழைய பிரின்சிபால் எல்லோரையும் நிற்க வைத்து, தொண்ணூறாம் நாள் உள்ளே வந்ததாக எந்தக் காகிதத்திலாவது அகப்பட்டால் அத்துமீறி நுழைந்ததாகப் போலீஸில் பிடித்துக் கொடுப்பேன் என்று மிரட்டினார். அதற்குப் பிறகும் பேராசிரியர் விடவில்லை, அவள் பயந்து பயந்து கையெழுத்துப் போட்டாள். வழக்குப் போட்ட வருஷம் துறைக்கு வெள்ளையடித்தபோது, பழைய நோட்டுகளையெல்லாம் எடைக்குப் போடச் சொன்னார்கள். எடைக்குப் போனால் யார் கையிலாவது சிக்கும் என்று பயந்து, வெட்டுத்துணி மூட்டைக்குள் வைத்து வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டாள். எரிக்க மனம் வரவில்லை. பன்னிரண்டு வருஷ மழை.

"இது வெளிய வந்தா நான் மட்டும் மாட்டறதில்ல, அவங்க ரெண்டு பேரும் சேர்ந்து மாட்டுவாங்க. காலேஜ் நோட்ட வேற திருடியிருக்கேன்."

தையல்காரர் ஒரு நோட்டைப் பிரித்துக் கண்ணுக்கு மிக அருகில் பிடித்துப் பார்த்தார். அப்புறம் சிரித்தார். இருமல் வருகிறவரை சிரித்தார்.

"அடிப்பாவி! ஊரே சாட்சிக்கு அலையுது. கையில வெண்ணெய வச்சுக்கிட்டு நெய்க்கு அலையறதுன்னு கேள்விப்பட்டிருக்கேன். நீ வெண்ணெய் மேலயே ஒம்பது வருஷமா படுத்துத் தூங்கியிருக்க!"

"சிரிக்காதீங்க. எனக்குப் பயமா இருக்கு."

"மடியில கனம் இருந்தாத்தாண்டி வழியில பயம். உன் மடியில இருக்கறது மழை. எந்திரி, மூஞ்சியக் கழுவு."

மறுநாள் வக்கீலம்மாவின் மேஜையில் இருந்த காகிதக் கட்டெல்லாம் தரைக்கு இறங்கின. பன்னிரண்டு நோட்டும் மேஜைக்கு ஏறின. வக்கீலம்மா தன் பட்டியலில் உள்ள தேதிகளை ஒவ்வொன்றாகப் பார்த்து நோட்டில் தேடினாள். முதல் தேதி இருந்தது, கையெழுத்தோடு. இரண்டாவதும் இருந்தது. பத்தாவது தேதிக்கு அவள் நாற்காலியில் உட்கார முடியாமல் எழுந்து நின்றுகொண்டாள்.

"நாற்பத்தெட்டும் இருக்கு! ஒண்ணுகூட விடல! யம்மா, நீ மனுஷியா கடிகாரமா?"

"நோட்ட எடுத்துட்டு வந்தது..."

"அது எடைக்குப் போட்ட காகிதம். அதைப் பத்தி நான் பேசிக்கறேன். இது என்ன, கடைசியில குறிப்புன்னு ஒரு கட்டம்?"

மழையக்கா முகம் சிவந்தது. அளவில் தவறு வந்தால் காரணம் எழுத வேண்டிய கட்டம் அது. பேராசிரியர் எதையும் விடாமல் எழுதச் சொல்லியிருந்தார். அவளும் எதையும் விட்டு வைக்கவில்லை. வக்கீலம்மா உரக்கப் படிக்கத் தொடங்கினாள்.

"'அளவு பன்னிரண்டு நிமிடம் தாமதம். வாட்ச்மேன் தூங்கிவிட்டார், கேட் திறக்கவில்லை.' இது ஒரு தொண்ணூறாம் நாள்! 'தோட்டக்காரர் வேலிமேல் கோணி காயப்போட்டதால் காற்று மறைந்தது.' இதுவும்! 'வாட்ச்மேன் மழைமானியின் மேல் சாப்பாட்டுத் தூக்கு வைத்திருந்தார். கேட்டதற்கு மழை வராது என்றார்.' கடவுளே, இதுவும் தொண்ணூறாம் நாள்!"

வாட்ச்மேன் சம்சாரம் விறைப்பாக நிமிர்ந்தாள். "அவரு டூட்டில தூங்கவே மாட்டாரு. யார் சொன்னது?"

"அண்ணி, கோவிச்சுக்காதீங்க, அன்னைக்கு ஒரு நாள்..."

"ஒரு நாளா?" வக்கீலம்மா பக்கத்தைப் புரட்டினாள். "இதுவரைக்கும் ஆறு."

வாட்ச்மேன் சம்சாரம் நோட்டை வாங்கி அந்த வரியின் மேல் விரலை வைத்தாள். பிறகு முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினாள். அழுகிறாள் என்று நினைத்துத் தோட்டக்காரர் எழுந்தே விட்டார். அவள் சிரித்துக்கொண்டிருந்தாள், கண்ணில் தண்ணீர் வழிய.

"வீட்டுலயும் இப்படித்தான் மழையக்கா. உக்காந்தா தூக்கம். தூங்கினதும் டூட்டிக்கு வந்ததுக்குச் சாட்சியாகுமா வக்கீலம்மா?"

"வராத மனுஷன் கேட்டுல எப்படித் தூங்க முடியும்? முதல்தரமான சாட்சி."

தோட்டக்காரர் மட்டும் உர்ரென்று இருந்தார். நோட்டு முழுக்க அவர் பெயர்தான். ஒரு பக்கத்துக்கு ஒரு முறையாவது பைப் வந்தது. "இதெல்லாம் அபாண்டம். என் பைப்பு அங்க எட்டாது. எந்தக் கோர்ட்டுலயும் சொல்லுவேன்."

"சொல்லாதீங்க அண்ணே" என்றாள் மழையக்கா கெஞ்சலாக. வாழ்க்கையில் முதல் தடவையாக அவரிடம் கெஞ்சினாள்.

விசாரணை அன்று மூன்று பேரும் நீதிமன்றத்தின் கடைசி வரிசையில் உட்கார்ந்தார்கள். தையல்காரரும் வந்திருந்தார், மிஷினை மூடி வைத்துவிட்டு. நோட்டுகள் நீதிபதியின் மேஜையில் அடுக்கப்பட்டிருந்தன. கல்லூரி வக்கீல் லேசுப்பட்டவர் இல்லை. நோட்டுகள் வழக்குக்காக உட்கார்ந்து எழுதப்பட்டவை என்றார். அரசு வானிலை நிலையம் நாலு மைல் தள்ளித்தானே இருக்கிறது, அங்கேயிருந்து அதே நாற்பத்தெட்டு நாளின் மழை அளவை வாங்கி வாருங்கள் என்று நீதிபதி ஒரு வாரம் தள்ளி வைத்தார். அந்த ஒரு வாரம் மழையக்கா நூல் கோத்த ஊசிகளில் பாதி தலைகீழாகக் குத்தியிருந்தன.

வானிலை நிலையத்தின் அளவு வந்தது. அங்கே மழை பெய்த நாளில் இங்கேயும் பெய்திருந்தது. அங்கே பதினெட்டு என்றால் இங்கே இருபது, அங்கே ஆறு என்றால் இங்கே ஐந்து. ஒரே ஒரு நாள் உதைத்தது. கல்லூரி வக்கீல் அதைக் கப்பென்று பிடித்துக்கொண்டார்.

"ஐயா, இந்தத் தேதியைப் பாருங்க. வானிலை நிலையத்துல மழை சுத்தமா இல்ல. அன்னைக்கு மட்டுமில்ல, முன்ன பின்ன ஒரு வாரம் சொட்டு மழை கிடையாது. இந்தம்மா நோட்டுல நாலு மில்லிமீட்டர்! வீட்டுல உக்காந்து எழுதினா இப்படித்தான் வரும்."

நீதிபதி நோட்டைத் தன் பக்கம் திருப்பினார். வரியோடு விரலை ஓட்டிக் கடைசிக் கட்டத்துக்கு வந்தார்.

"குறிப்பைப் படிச்சீங்களா?"

"குறிப்பா? இல்லீங்க ஐயா."

நீதிபதியே படித்தார். "'நாலு மில்லிமீட்டர். மழை அல்ல. தோட்டக்காரர் பைப். கேட்டால் இல்லை என்கிறார்.'"

முன்வரிசையில் யாரோ சிரித்தார்கள். நீதிபதி தலையைத் தூக்கினார். "தோட்டக்காரர் யாரு?"

தோட்டக்காரர் எழுந்தார். இருபத்தொரு வருஷச் சத்தியம் அவர் நாக்கு நுனியில் இருந்தது. அவர் மழையக்காவைத் திரும்பிப் பார்த்தார். அவள் இரண்டு கையையும் மடியில் கோத்துக்கொண்டு தரையைப் பார்த்தாள்.

"உங்க பைப் அந்த மானி வரைக்கும் எட்டுமா?"

"எட்டும் ஐயா" என்றார் தோட்டக்காரர். சொன்னதும் அவருக்கே ஒரு தெம்பு வந்துவிட்டது. "வாயில கட்டை விரல வச்சு அழுத்தினா அதுக்கு மேலயும் எட்டும். அந்தம்மா கத்தறது நல்லா இருக்கும், அதனால வேணும்னே அடிப்பேன். அன்னைக்கும் நான்தான். எல்லா நாளும் நான்தான்!"

நீதிபதி நோட்டால் வாயை மறைத்துக்கொண்டார். கல்லூரி வக்கீல் உட்கார்ந்துவிட்டார். மழையக்கா எழுந்து நின்று, இடம் பொருள் பார்க்காமல், "இப்பவாவது ஒத்துக்கிட்டாரே ஐயா!" என்று கத்தினாள். அமைதி அமைதி என்று நீதிமன்ற ஊழியர் சொல்வதற்குள் அவரே சிரித்துவிட்டார்.

ஒரு மாதத்தில் தீர்ப்பு. மூன்று பேரும் முதல் நாளிலிருந்தே தொடர்ந்து வேலை பார்த்தவர்கள், மூவருக்கும் நிரந்தர நியமன ஆணை கொடுக்க வேண்டும், சம்பள பாக்கியும் கொடுக்க வேண்டும் என்று இருந்தது. வாட்ச்மேனின் பாக்கியும் குடும்ப பென்ஷனும் அவர் சம்சாரத்துக்கு. வக்கீலம்மா போனில் படித்துச் சொல்லும்போது மழையக்கா தெருவில் நின்றிருந்தாள். காய்கறிக் கடைக்காரரிடம் சொன்னாள், எதிரே வந்த தபால்காரரிடம் சொன்னாள், தெரியாத ஒரு அம்மாவிடமும் சொன்னாள். வீட்டுக்கு வந்து தையல்காரரைத் தோளைப் பிடித்து உலுக்கினாள். "கண் ஆஸ்பத்திரிக்குப் போறோம். இந்த மாசமே." அவர் ஊசியைத் தவறவிட்டு, அதைத் தேடாமலே அவள் கையைப் பிடித்துக்கொண்டார். அன்று இரண்டு பேரும் கால் தரையில் படாமல்தான் நடந்தார்கள்.

நியமன ஆணைகள் தபாலில் வந்தன. வாட்ச்மேன் சம்சாரம் தன்னுடையதைத் தூக்கிக்கொண்டு மழையக்கா வீட்டுக்கு ஓடி வந்தாள்.

"இந்தக் கூத்தப் பாத்தியா? அவரு பேருக்கு வந்திருக்கு. பதினஞ்சு நாளைக்குள்ள நேர்ல வந்து வேலையில சேரணுமாம். வராட்டா ஆணை ரத்தாம்!"

"அவரு இப்பத்தான் நல்லாத் தூங்கறாரு, எழுப்பிடப் போறாங்க" என்றார் தையல்காரர். மூன்று பேரும் சிரித்தார்கள். சிரித்து முடித்து வக்கீலம்மாவுக்குப் போன் போட்டார்கள். அவள் சிரிக்கவில்லை.

"யார் பண்ணின வேலையா இருந்தாலும் சரி, சேரவில்லைன்னு மட்டும் எழுத விட்டுடாதீங்க. எழுதிட்டா பணிப்பதிவேடு திறக்க மாட்டாங்க. பதிவேடு இல்லன்னா பென்ஷனும் கிடையாது, பாக்கியும் கிடையாது. அப்புறம் அதுக்கொரு கேஸ் போடணும். ஆணைய எடுத்துட்டுச் சேர்ற அன்னைக்கு நேரா போங்க. மத்ததை நான் எழுதிக் குடுக்கறேன்."

சேருகிற நாள் திங்கட்கிழமை. கல்லூரி அலுவலகத்தில் ஹெட் கிளார்க்கின் மேஜைக்கு எதிரே மூன்று நாற்காலி போட்டிருந்தார்கள். இருபத்தொரு வருஷத்தில் அந்த அறையில் இவர்களுக்கு நாற்காலி போட்டது அதுதான் முதல் தடவை. தோட்டக்காரர் புதுச் சட்டை போட்டிருந்தார், காலரில் விலைச்சீட்டு தொங்கியது. மழையக்கா அதைப் பிய்த்தெடுத்தாள். வாட்ச்மேன் சம்சாரம் பச்சைப் புடவை கட்டி, ஆணையை மடியில் வைத்து நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். கதவருகில் துறை ஆட்கள், நூலக ஆட்கள், ஆய்வக ஆட்கள் என்று எள் விழ இடமில்லை. எல்லோர் கையிலும் மிட்டாய்.

ஹெட் கிளார்க் கெட்ட மனிதர் இல்லை. ஆனால் எழுத்தில் இருப்பதைத் தவிர வேறெதுவும் அவர் கண்ணுக்குத் தெரியாது. புது ஊதா அட்டை போட்ட பணிப்பதிவேடுகள் மூன்றும் அவர் முன்னால் இருந்தன. நிபந்தனைகளை வாசித்தார். "தகுதி பார்க்கும் காலம் இரண்டு வருஷம். அதுல திருப்தியா இருந்தாத்தான் வேலை உறுதி."

"எனக்கு ஓய்வு வயசு வர இன்னும் பதினாலு மாசம்தான் இருக்கு" என்றார் தோட்டக்காரர். "நான் தகுதியான ஆளான்னு நீங்க கண்டுபிடிக்கறதுக்குள்ள நான் வீட்டுக்குப் போயிடுவேனே!"

கதவருகே வெடித்த சிரிப்பில் ஹெட் கிளார்க்கும் கொஞ்சம் சிரித்தார். அந்த வரியை அடிக்கவில்லை.

முதலில் மழையக்கா. உயரம், அங்க அடையாளம், பிறந்த தேதி. பிறகு இடது கையின் ஐந்து விரலையும் மையில் தொட்டு, முதல் பக்கத்திலிருந்த ஐந்து கட்டத்தில் ஒவ்வொன்றாக அழுத்தினாள். சுத்தமாக விழுந்தது. கைதட்டினார்கள். அடுத்தது தோட்டக்காரர். மூன்று தடவை அழுத்தியும் அவருக்கு ரேகையே விழவில்லை, கறுப்பாக ஒரு அப்பல்தான். "மண்ணுக்குள்ள போய்த் தேடுங்க, அங்கதான் கிடக்கும்" என்றார் அவர். ஹெட் கிளார்க் பக்கத்தில் 'ரேகை தேய்ந்துள்ளது' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

மூன்றாவது பதிவேட்டைப் பிரித்து, ஆணையில் இருந்த பெயரை வாசித்தார்.

"எனக்குத் தெரியும்மா" என்றார் அவர் வாட்ச்மேன் சம்சாரத்தைப் பார்க்காமல். "கோர்ட்டு ஆணையில மூணு பேருக்கும் நியமன ஆணை குடுன்னு இருக்கு. குடுத்துட்டேன். இந்தக் கட்டத்துல நான் ரெண்டே வார்த்தைதான் எழுத முடியும். சேர்ந்தார், இல்லன்னா சேரவில்லை. மூணாவது வார்த்தைக்கு விதி இல்ல."

மழையக்கா வாயைத் திறந்தாள். அதற்குள் வாட்ச்மேன் சம்சாரம் எழுந்து நின்றுவிட்டாள்.

"வந்திருக்காரு. எழுதுங்க."

தோட்டக்காரரும் எழுந்தார். "வந்திருக்காருங்க." மழையக்கா எழுந்தாள். "வந்திருக்காரு." கதவருகிலிருந்தும் குரல்கள் வந்தன. வந்திருக்கார், வந்திருக்கார் என்று நூலகத்து ஆட்கள்கூடச் சொன்னார்கள்.

ஹெட் கிளார்க் எல்லோரையும் ஒரு முறை பார்த்தார். பேனாவைத் திறந்து கட்டத்தில் 'சேர்ந்தார்' என்று எழுதினார். அறையில் மூச்சு திரும்பியது. யாரோ மிட்டாய்த் தாளைப் பிரிக்கிற சத்தம் கேட்டது. அவர் குனிந்தபடியே அடுத்த வரிக்குப் போனார்.

"உயரம்?"

"அஞ்சடி எட்டு. நிமிந்து நின்னா."

"அங்க அடையாளம்?"

"வலது புருவத்துல வெட்டுத் தழும்பு. இந்தக் காலேஜ் கேட்டு இடிச்சது."

"இன்னொண்ணு வேணும்."

"இடது முழங்கைக்குக் கீழ மச்சம். மிளகு அளவு." அவள் தன் கையில் அந்த இடத்தைத் தொட்டுக் காட்டினாள். முகம் பூரித்திருந்தது. பெண் வீட்டாரிடம் மாப்பிள்ளையைப் பற்றிச் சொல்கிறவள்போல ஒவ்வொன்றாகச் சொன்னாள். மழையக்கா அவள் இன்னொரு கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

ஹெட் கிளார்க் குண்டு குண்டான எழுத்தில் எல்லாவற்றையும் எழுதி முடித்தார். ஐந்து கட்டங்களுக்கு வந்தார். பழக்க தோஷத்தில், பதிவேட்டிலிருந்து தலையை எடுக்காமலே, மை அட்டையை முன்னால் தள்ளினார்.

"இடது கைய நீட்டச் சொல்லுங்க" என்றார்.